காப்பி குடித்த ராணியின் கல்லறை

நம்கோக் வட்டத்துக்கு ஒரே ஒரு குறைதான். அந்த மண்ணில் ராஜா எவரும் செத்துப்போகவில்லை.

பக்கத்தில் இருக்கிற கியோங்ஜூவைப் பாருங்கள். தடுக்கி விழுந்தால் ராஜா கல்லறை. தெருவுக்குத் தெரு பச்சைப்பசேலென்று ஒரு மேடு, மேட்டைப் பார்த்த மாதிரி ஒரு காப்பிக்கடை, கடை வாசலில் படம் எடுத்துக்கொள்ள வரிசையில் நிற்கும் இளஞ்ஜோடிகள். ஆயிரம் வருஷத்துக்கு முந்தின சில்லா வம்சத்து ராஜாக்கள் அங்கே உட்கார்ந்து அத்தனை நூறு வருஷம் ஆண்டார்களே, ஒருத்தராவது கொஞ்சம் காலாற நடந்து எங்கள் எல்லைக்குள் வந்து செத்திருக்கக் கூடாதா? நம்கோக்கில் என்ன இருக்கிறது? பூண்டு இருக்கிறது. நல்ல பூண்டுதான், குறை சொல்ல முடியாது. ஆனால் பூண்டு மூட்டைக்கு முன்னால் நின்று எந்தப் பெண் படம் எடுத்துக்கொள்வாள்?

போன தேர்தலில் யோம் என்பவர் வட்டத் தலைவர் பதவிக்கு நின்றபோது இந்தக் குறையைத்தான் பிடித்துக்கொண்டார். "என்னை ஜெயிக்க வைங்க, உங்களுக்கு ஒரு ராஜா கல்லறை கொண்டு வர்றேன்" என்றார். எதிர்த்து நின்றவர் ஆஸ்பத்திரி கட்டித் தருவதாகச் சொன்னார். ஜனங்கள் யோசித்தார்கள். ஆஸ்பத்திரி வந்தால் நோயாளிகள் வருவார்கள், கல்லறை வந்தால் சுற்றுலாக்காரர்கள் வருவார்கள் என்று கணக்குப் போட்டு யோமுக்குக் குத்தினார்கள்.

ஜெயித்ததும் யோம் பண்டைச் சின்னப் பிரிவு என்று ஒன்றைத் திறந்தார். அதன் தலைவராகத் தோ ஜின்மோ என்பவரைப் போட்டார். தோ அதுவரைக்கும் மாடுகளுக்குத் தடுப்பூசி போடும் பிரிவில் இருந்தவர். மண்ணுக்குக் கீழே என்ன இருக்கிறது என்பது அவருக்குத் தெரியாது. மேலிடத்துக்கு என்ன வேண்டும் என்பது நன்றாகத் தெரியும். அந்த ஞானம் போதாதா? டிரோனைப் பறக்கவிட்டு, வட்டத்தில் இருக்கிற மலைச்சரிவையெல்லாம் வானத்திலிருந்து படம் எடுத்தார். மலைக்கு மலை கல்லறை மேடுகள் இருந்தன, எங்கள் ஊரில் அது சகஜம். அவற்றில் ஒரே ஒரு மேடு மட்டும் மற்றதைவிட இரண்டு மடங்கு பெரிதாக, புல் பளபளக்க, கம்பீரமாகத் தெரிந்தது.

அந்த மேட்டுக்குள் இருந்தது கு போங்சிக்கின் மனைவி சம்வோல்.

போங்சிக் பூண்டு விவசாயி. வயது எழுபத்து மூன்று. சம்வோல் போய்ச் சேர்ந்து எட்டு வருஷம் ஆகிறது. இருந்தவரை சந்தையில் குளிர் நூடுல்ஸ் கடை வைத்திருந்தாள். நூடுல்ஸைக் கத்தரிக்கோலால் வெட்டிக் கொடுப்பாள். அந்தக் கத்தரிக்கோலைவிட அவள் வாய் கூர்மை. நாற்பது வருஷம் புருஷனைப் பார்த்து ஒரே பாட்டுத்தான் பாடினாள். "எங்க அக்கா புருஷன் தபாலாபீஸ்ல இருக்கான். ஆறு மணி அடிச்சா வீடு, மாசம் பொறந்தா சம்பளம். நீயும் இருக்கியே! உனக்கு ஒரு அரசாங்க வேலை கெடச்சிருந்தா, நான் ஏன் இங்க நின்னு நூடுல்ஸ் வெட்டிக்கிட்டிருக்கேன்?" போங்சிக் பதில் பேச மாட்டார். பதில் பேசிப் பழக்கமில்லை.

மேடு ஏன் அவ்வளவு பெரிது என்று கேட்டால், காட்டுப்பன்றி. அந்த வருஷம் மலையில் இரண்டு கல்லறைகளைப் பன்றிகள் கிளறிப் போட்டிருந்தன. சம்வோலுக்கோ பன்றி என்றாலே நடுக்கம். அதனால் அவள் தம்பி டல்ஹோ தன் பொக்லைனைக் கொண்டு வந்து, மரப்பெட்டிக்கு மேல் ஆற்றுக் கல்லை அடுக்கி, அதற்கு மேல் மண்ணைக் கொட்டி, மலை மாதிரி குவித்துவிட்டான். மேலே பதித்த புல், ஏதோ கோல்ஃப் மைதானத்துக்குப் போக வேண்டியது, மிச்சம் விழுந்ததென்று மலிவாக வந்தது. பெயர்க்கல் மட்டும் நடவில்லை. போங்சிக்கும் போனபிறகு இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே கல்லாக நட்டுக்கொள்ளலாம் என்று ஏற்பாடு.

ஏனென்றால் மேட்டுக்கு வலப்பக்கம் அவருக்கு இடம் விட்டிருந்தது. சம்வோல் கடைசியாகக் கண்டிப்பாகச் சொன்ன விஷயம் அது ஒன்றுதான். "எனக்குப் பக்கத்துல எடம் விட்டு வை. நீ பாட்டுக்கு எங்கயாவது தனியா போய்ப் படுத்தா, விலகுற போர்வைய யார் இழுத்து விடறது?"

தினமும் காலையில் போங்சிக் பிளாஸ்க்கில் காப்பி கொண்டு போவார். பால்பவுடர், சர்க்கரை எல்லாம் கலந்தே வருகிற பொட்டலத்தைப் பிரித்து வெந்நீரில் கொட்டுகிற காப்பிதான். சம்வோலுக்கு ஒரு கோப்பைக்கு மூன்று பொட்டலம் போட்டாக வேண்டும், பாயசம் மாதிரி இருக்க வேண்டும். பாதியை அவர் குடிப்பார், பாதியை மேட்டின் மேல் ஊற்றுவார். சுசோக் என்கிற அறுவடைத் திருநாளுக்கு முன்னால் வருஷம் தவறாமல் மேட்டுப் புல்லை வெட்டுவார். எங்கள் பக்கம் சுசோக்குக்குப் புல் வெட்டாத கல்லறையைப் பார்த்தால், "பாவம், நாதியத்த பொணம்" என்பார்கள். அந்தப் பேச்சு சம்வோலுக்கு வரவிடுவாரா?

இப்படிச் சிவனே என்று இருந்த மனிதர் வசந்த காலத்தில் ஒருநாள் காலை பிளாஸ்க்கோடு மலையேறிப் போனால், மேட்டைச் சுற்றி மஞ்சள் கயிறு. பக்கத்தில் புதுத் தொப்பி போட்டுக்கொண்டு தோ ஜின்மோ.

"பெரியவரே, கயித்தத் தாண்டாதீங்க. உள்ள ராணி இருக்காங்க."

"எந்த ராணி?"

"பேர் ஆராய்ச்சில இருக்கு. சில்லா ராணிங்கிறது மட்டும் உறுதியாயிருச்சு. சரித்திரப் பேராசிரியர் மெங் அவரே சொல்லிட்டார்."

"யோவ், அது என் பொண்டாட்டி."

தோவுக்கு மக்களிடம் அன்பாகப் பேசுவது எப்படி என்று பயிற்சி கொடுத்திருந்தார்கள். அவர் தலையைச் சாய்த்து, "உங்க உணர்வு எனக்குப் புரியுது" என்றார்.

"உணர்வு என்ன உணர்வு! நாந்தான் பொதச்சேன்."

"ரேடார் வச்சுப் பாத்துட்டோம் பெரியவரே. மேல மண்ணு, அதுக்குக் கீழ ஆத்துக் கல்லு, அதுக்கும் கீழ மரப்பெட்டி. சில்லா ராஜவம்சத்தத் தவிர வேற யாரும் இப்படிப் பொதச்சதில்ல."

"என் மச்சினன் இப்படித்தான் பொதச்சான். காட்டுப்பன்னிக்குப் பயந்து."

"உங்க மச்சினர் ராஜவம்சமா?"

"அவன் பொக்லைன் ஓட்டறான்."

தோ அனுதாபத்தோடு சிரித்தார். "நெஞ்சுப் பக்கம் ஒரு உலோகம் தெரியுது. கவை மாதிரி ரெண்டாப் பிரிஞ்சிருக்கு. அது சில்லா பொற்கிரீடத்துல நிக்கற மரக்கிளை வேலைப்பாடுன்னு பேராசிரியர் சொல்றார்."

"அது கத்தரிக்கோல்யா! நூடுல்ஸ் வெட்டற கத்தரிக்கோல். அவ கைய விட்டுப் பிரியக் கூடாதுன்னு நாந்தான் உள்ள வச்சேன்."

"பாத்தீங்களா, உள்ள விலைமதிப்பில்லாத பொருள் இருக்குன்னு நீங்களே ஒத்துக்கறீங்க."

புதைத்ததற்கு வட்ட அலுவலகத்திலேயே பதிவு இருக்கிறது, போய்ப் பாருங்கள் என்றார் போங்சிக். தோவின் முகம் கடுகடுவென்று ஆனது.

"அது சுகாதாரப் பிரிவு. புதுசாச் செத்தவங்க அவங்க பொறுப்பு, பழசாச் செத்தவங்க எங்க பொறுப்பு. அவங்க வந்து எங்க ராணிக்கு ஊசி போட்டா நாங்க சும்மா இருப்போமா? அதே மாதிரிதான். ஒரு பிரிவு விஷயத்துல இன்னொரு பிரிவு மூக்க நுழைக்கறதில்ல. அதுக்குப் பேருதான் நிர்வாகம்."

அன்று காப்பியைக் கயிற்றுக்கு வெளியிலிருந்தே எட்டி ஊற்றிவிட்டு வந்தார் போங்சிக்.

டல்ஹோவிடம் போய்ச் சொன்னதும் அவன் குடித்துக்கொண்டிருந்த அரிசிக் கள்ளு புரையேறிப்போயிற்று. "எங்க அக்காவா? ராணியா? உயிரோட இருந்திருந்தா ஊரயே ரெண்டாக்கியிருப்பாளே அத்தான்! பெரியக்கா புருஷன் தபாலாபீஸ்காரன் மூஞ்சிய அப்பப் பாத்திருக்கணும்."

"சிரிக்காதடா. அவ பக்கத்துல எனக்கு விட்ட எடம் என்னாகும்?"

டல்ஹோ சிரிப்பை நிறுத்தினான். மறுநாள் இரண்டு பேருமாக, கல்லறை பற்றி வட்ட அலுவலகத்தில் நடந்த விசாரணைக் கூட்டத்துக்குப் போனார்கள்.

கூட்டத்தில் நீள மேசை, மேசைக்குப் பின்னால் ஏழெட்டுப் பேர், நடுவில் பேராசிரியர் மெங். போங்சிக் எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னார். மாரடைப்பு வந்த நாள், பெட்டி செய்த ஆசாரி, கல் எடுத்த ஆறு, எல்லாம். டல்ஹோ எழுந்து, "நாந்தாங்க கல்ல அடுக்கினேன், என் மேல சத்தியம்" என்றான். மெங் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். கேட்டு முடித்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அற்புதம்! எப்பேர்ப்பட்ட வாய்மொழி மரபு! நண்பர்களே, படிச்சவங்க நாம இந்த மாதிரி எளிய மனுஷங்க சொல்றத அலட்சியம் பண்ணக் கூடாதுன்னு நான் முப்பது வருஷமாச் சொல்லிக்கிட்டு வர்றேன். இவர் சொன்னதுல ஒரு வார்த்தையக்கூட நாம விட்டுடக் கூடாது. அத்தனையையும் பதிவு பண்ணுவோம்."

போங்சிக்குக்கு உயிர் வந்தது. டல்ஹோவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நாட்டுப்புறக் கதைங்கிற தலைப்புல" என்று மெங் வாக்கியத்தை முடித்தார்.

அடுத்த வாரமே மேட்டுக்கு முன்னால் பலகை வந்துவிட்டது. மேலே "நம்கோக் ராணி கல்லறை" என்று பெரிய எழுத்து. கீழே சின்ன எழுத்தில்: "முன்னொரு காலத்தில் ஏழைப் பூண்டு விவசாயி ஒருவன் ராணியின் மேல் மாளாக் காதல் கொண்டு, புத்தி பேதலித்து, அவளைத் தன் மனைவி என்றே நம்பித் தினமும் இங்கு வந்து புலம்பினான் என்பது இவ்வூர் மக்கள் நம்பும் கதை."

சுற்றுலாக்காரர்கள் வர ஆரம்பித்தார்கள். சியோலிலிருந்து வந்த ஒரு பெண் பலகையைப் படித்துவிட்டு, கயிற்றுக்குப் பக்கத்தில் பிளாஸ்க்கோடு நின்ற போங்சிக்கைப் பார்த்தாள்.

"ஐயா, இந்தக் கதை உண்மையா?"

"நாந்தாம்மா அந்த விவசாயி. உள்ள இருக்கறது என் பொண்டாட்டி."

"ஐயோ, சூப்பரா நடிக்கிறீங்க! இன்னொரு தடவ சொல்லுங்க, வீடியோ எடுத்துக்கறேன்."

அவர் இன்னொரு தடவை சொன்னார். வேறென்ன செய்வது, உண்மையைத்தானே கேட்கிறாள்.

இதற்கிடையில் மெங் மேட்டு மண்ணைக் கொஞ்சம் எடுத்துக்கொண்டு போய்ச் சோதனை செய்தார். சோதனையின் முடிவு வந்த அன்று வட்ட அலுவலகத்தில் பத்திரிகைக்காரர்களைக் கூட்டினார்கள். மெங் மேடையேறினார்.

"மண்ணுல காப்பி இருக்கு! ஒரு தடவ சிந்தினது இல்ல, அடுக்கு அடுக்கா ஊறியிருக்கு. கூடவே பால்பவுடர், சர்க்கரை. இதுக்கு என்ன அர்த்தம்? பாரசீகத்துலேர்ந்து கண்ணாடிக் குடுவை சில்லாவுக்கு வந்தது நமக்குத் தெரியும். குடுவை சும்மாவா வந்திருக்கும்? காப்பியோடதான் வந்திருக்கணும்! உலகம் காப்பின்னா என்னன்னே தெரியாம இருந்த காலத்துல நம்ம ராணி பால்காப்பி குடிச்சிருக்காங்க. அதுவும் இனிப்புத் தூக்கலா!"

கூட்டத்தின் பின்வரிசையில் இருந்த போங்சிக் எழுந்தார். "ஐயா, அது நான் ஊத்தினது. மூணு பொட்டலம்."

மெங் அவரைக் கனிவோடு பார்த்தார். "ஒரு மூத்த குடிமகன் ஊத்தற காப்பிக்கும் ராணி குடிச்ச காப்பிக்கும் வித்தியாசம் தெரியாமலா நான் பேராசிரியரா இருக்கேன்?" எல்லோரும் கைதட்டினார்கள். மாலைக்குள் அடிவாரத்தில் ராணி காப்பி என்று கடை திறந்துவிட்டார்கள். போங்சிக் ஒரு கோப்பை வாங்கிக் குடித்துப் பார்த்தார். சர்க்கரை பத்தவில்லை.

அதோடு போயிருந்தாலும் பரவாயில்லை. மழைக்காலம் வந்தது, புல் வளர்ந்தது. முழங்கால் உயரம் வந்து, இடுப்பு உயரத்தை எட்டியது. போங்சிக் புல்வெட்டும் இயந்திரத்தைத் தோளில் மாட்டிக்கொண்டு போய் தோவிடம் கேட்டார்.

"புல்லா? தொடவே கூடாது. அது சில்லா காலத்துப் புல்லா இருக்கலாம்னு ஒரு கருத்து இருக்கு. இந்த மாதிரி நெருக்கமான, மெத்து மெத்துன்னு இருக்கற ரகம் நம்ம மலையில எங்கயுமே இல்ல."

"எப்படிய்யா இருக்கும்? அது கோல்ஃப் மைதானத்துப் புல்லு."

"சில்லாக்காரங்க கோல்ஃப் ஆடினாங்களான்னு பேராசிரியர் கிட்டக் கேட்டுச் சொல்றேன்" என்று தோ குறித்துக்கொண்டார். கிண்டல் இல்லை, உண்மையாகவே குறித்துக்கொண்டார்.

உல்சானில் இருக்கிற மகள் மிசூக் போன் செய்தாள். டிவியில் பார்த்தாளாம். "அப்பா, அம்மா மேல புல்லு காடு மாதிரி நிக்குது! சுசோக்குக்கு மாமியாரயும் கூட்டிக்கிட்டு வர்றேன்னு சொல்லியிருக்கேன். அவங்க வாய் சும்மா இருக்குமா? சொந்தப் பொண்டாட்டி கல்லறைக்குப் புல்லு வெட்டாத மனுஷன்னு ஊர் பூரா தம்பட்டம் அடிப்பாங்க."

"விட மாட்டேங்கறானுங்கம்மா."

"யாரக் கேக்கணும்? நம்ம அம்மா!"

அதுதானே, யாரைக் கேட்க வேண்டும் என்று போங்சிக்குக்கும் வீம்பு வந்தது. மறுநாள் கயிற்றைத் தாண்டி உள்ளே போய் இயந்திரத்தை இழுத்து முடுக்கினார். அது உறுமுவதற்குள் மேட்டைச் சுற்றி நட்டிருந்த எச்சரிக்கைக் கம்பங்கள் அலற ஆரம்பித்துவிட்டன. ராணி மேல் ஆயுதத்தோடு பாய்ந்தவர் என்று அவரைக் காவலறையில் உட்கார வைத்து, பண்டைச் சின்னங்களை நேசிப்பது எப்படி என்று ஒரு மணி நேரம் படம் போட்டுக் காட்டினார்கள். படத்தில் சம்வோலின் மேடு நாலைந்து தடவை வந்தது. அழகாகத்தான் எடுத்திருந்தார்கள்.

இதெல்லாம் ஒரு பக்கம். உண்மையான இடி அதற்குப் பிறகுதான் விழுந்தது.

மெங் ஒருநாள் மேட்டைச் சுற்றி நடந்தார். வலப்பக்கம் போய் நின்றார். அங்கிருந்த வெறும் இடத்தைக் காலால் தட்டிப் பார்த்தார். "ராணி மட்டும் எப்படித் தனியா இருப்பாங்க? ராஜா மேடும் ராணி மேடும் ஒட்டிக்கிட்டு, சுரைக்குடுவை மாதிரி இருக்கறதுதானே சில்லா வழக்கம்? பாருங்க, இந்த எடத்த யாரோ வேணும்னே விட்டு வச்சிருக்காங்க. இங்கதான் ராஜா மேடு இருந்து அழிஞ்சு போயிருக்கு!"

"வேணும்னே விட்டு வச்சதுதான்" என்றார் போங்சிக். "நாந்தான் விட்டு வச்சேன். எனக்கு."

"ஆகா, கதையில அடுத்த கட்டம்!" என்று மெங் தோவைப் பார்த்துச் சொன்னார். "எழுதிக்குங்க."

அழிந்துபோன ராஜா மேட்டைத் திரும்பக் கட்ட யோம் உடனே அனுமதி கொடுத்தார். போங்சிக் வீட்டுக்குப் போகவில்லை. பூண்டு வயல் வரப்பிலேயே உட்கார்ந்து, எழுபத்து மூன்று வயசில், குழந்தை மாதிரி அழுதார். மனைவியும் போய், உடம்பும் தளர்ந்த மனிதனுக்கு இந்தப் பூமியில் மிச்சமிருந்தது ஒரு ஆள் படுக்கிற இடம். அதையும் ஒரு ராஜாவுக்குக் கொடுத்துவிட்டார்கள். அந்த ராஜா பிறக்கவே இல்லை என்பதுதான் கொடுமை.

மேடு கட்டும் வேலைக்கு ஆள் எடுத்தார்கள். வந்த பொக்லைனைப் பார்த்தால், ஓட்டுகிறவன் டல்ஹோ.

"அடப்பாவி, நீயுமாடா?"

"கோவிச்சுக்காத அத்தான். நான் வரலைன்னா வேற எவனாவது வந்து தோண்டுவான். கன்னாபின்னான்னு தோண்டி அக்கா பக்கம் இடிச்சிட்டான்னா?" டல்ஹோ சுற்றுமுற்றும் பார்த்துக் குரலைத் தாழ்த்தினான். "உள்ள கல் அறை வைக்கணும்னு வரைபடத்துல போட்டிருக்கான். நீளம் அகலம் எதுவும் போடல. உன் உயரத்துக்கு அளவெடுத்துத்தான் விடப்போறேன். கால நீட்டிப் படுக்கலாம். பன்னிக்குக் கல்லும் அடுக்கிடறேன்."

"நான் எங்கடா படுக்கறது? எனக்கா கட்டறானுங்க?"

"அது எனக்குத் தெரியாது. அளவு உன்னோடது, அவ்வளவுதான்."

மேடு எழும்பியது. பக்கத்தில் பக்கத்தில் இரண்டு மேடு, நிஜமாகவே சுரைக்குடுவை மாதிரி. சுசோக் சமயத்தில் திறப்பு விழா வைக்கலாம் என்று யோம் நாள் பார்த்துக்கொண்டிருக்கையில், மேலே மாகாணத்திலிருந்து தணிக்கைக்காரர்கள் வந்து இறங்கினார்கள். வந்தவர்களுக்குச் சரித்திரம் தெரியாது. கட்டடம்தான் தெரியும். ஆள் வராத நூலகம், பிள்ளை இல்லாத பள்ளிக்கூடம் என்று கட்டிப்போட்டுக் காலியாகக் கிடக்கிறவற்றைக் கண்டுபிடித்துத் தலைவர்களின் மானத்தை வாங்குவது அவர்கள் தொழில்.

"இது என்ன?" என்று கேட்டார்கள்.

"ராஜா கல்லறை" என்றார் தோ.

"உள்ள யாரு?"

"யாரும் இல்லீங்க."

"அப்ப காலிக் கட்டடம்" என்று எழுதிக்கொண்டு போய்விட்டார்கள்.

யோம் அவசரக் கூட்டம் போட்டார். மேசையைக் குத்தினார். "ஆஸ்பத்திரி இல்லாம ஒரு வட்டம் இருக்கலாம். நாம இல்லையா? ஆனா ராஜா இல்லாம ஒரு கல்லறை இருக்கலாமா? நாளைக்குப் பத்திரிகைல என்ன எழுதுவான்? கியோங்ஜூக்காரன் சிரிக்க மாட்டானா? எனக்கு ஒரு ராஜா வேணும். சட்டப்படி வேணும். வெளிப்படையா வேணும். என் சொந்தக்காரன் எவனையும் உள்ள போட்டேன்னு பேரு வரக் கூடாது."

ஆகவே பொது அறிவிப்பு வந்தது. நம்கோக் ராஜா பதவிக்கு ஆள் தேவை. உள்ளூர்வாசியாக இருக்க வேண்டும். ஆணாக இருக்க வேண்டும். ராணியோடு மரபு வழியான தொடர்பு ஏதாவது இருந்தால் முன்னுரிமை. பதவி நிரந்தரமானது, இடமாற்றம் கிடையாது.

அரசாங்க வேலை என்றால் எங்கள் ஆட்கள் சும்மா இருப்பார்களா? ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் விண்ணப்பித்தார். ராணி தங்கள் குலத்துப் பெண் என்று ஒரு குலச் சங்கத் தலைவர் குதிரைமயிர்த் தொப்பியோடு வந்தார். ராணி காப்பிக் கடைக்காரரும் போட்டு வைத்தார். செத்தபிறகுதான் பொறுப்பேற்க முடியும் என்று தோ விளக்கியதும் தலைமையாசிரியர் உடல்நலத்தைக் காரணம் காட்டி விலகிக்கொண்டார். குலத் தலைவர் தன் தம்பியைச் சிபாரிசு செய்தார். தம்பி ஊரைவிட்டே ஓடிப்போனான். கடைக்காரர் மட்டும் சனி, ஞாயிறு பகுதி நேரமாக வந்து படுத்துவிட்டுப் போகலாமா என்று விசாரித்தார். முடியாது என்றார்கள்.

கடைசியில் நேர்காணலுக்கு வந்தது ஒரே ஆள். கல்யாணத்துக்கு எடுத்த பழைய கோட்டைப் போட்டுக்கொண்டு, தலைக்கு எண்ணெய் வைத்து வாரிக்கொண்டு, போங்சிக் நீள மேசைக்கு முன்னால் உட்கார்ந்தார். டல்ஹோதான் தள்ளிக்கொண்டு வந்து விட்டிருந்தான்.

மெங் கேட்டார்: "ராணிக்கும் உங்களுக்கும் என்ன தொடர்பு?"

"என் பொண்டாட்டி."

மேசைக்குப் பின்னால் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "கதைல இருக்கற மாதிரியே சொல்றார்யா! ஒரு எழுத்துகூட மாறல!"

"ராணியோட குணநலன்கள் பத்திச் சொல்லுங்க."

"வாய் ஜாஸ்தி. வாயத் தொறந்தா நான் உருப்படாதவன்னுதான் சொல்லுவா. ஆனா சந்தைலேர்ந்து எவ்வளவு நேரங்கழிச்சு வந்தாலும், நான் சாப்பிட்டேனான்னு பானையத் தொறந்து பாத்துட்டுத்தான் உக்காருவா. பன்னிக்குப் பயம். தூங்கறப்போ என் போர்வைய இழுத்து விடுவா."

ஒருவர் எழுதுவதை நிறுத்திவிட்டு ஜன்னலைப் பார்த்தார். தோ தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். யோம் தொண்டையைச் செருமினார்.

"தேர்வாயிட்டீங்க. வாழ்த்துகள். எப்பப் பொறுப்பேத்துக்க முடியும்?"

"அவ கூப்பிட்ட அன்னைக்கு. ஆனா அதுக்கு முன்னாடி ஒரு விஷயம். இப்ப இருக்கற கோலத்துல நான் அவ பக்கத்துல போக முடியாது. உள்ளயே விட மாட்டா. புல்ல வெட்டணும்."

"புல்ல யாரும் தொடக் கூடாதுன்னு விதி இருக்கே" என்றார் மெங்.

எல்லோரும் தோவைப் பார்த்தார்கள். தோ விதிப் புத்தகத்தைப் புரட்டினார். முன்னாலிருந்து பின்னால் போனார், பின்னாலிருந்து முன்னால் வந்தார். பிறகு எழுந்து நின்று சொன்னார்: "பொதுமக்கள் வெட்டக் கூடாதுன்னு இருக்கு. அலுவலர்கள் வெட்டக் கூடாதுன்னு இருக்கு. ஆராய்ச்சியாளர்கள் வெட்டக் கூடாதுன்னு இருக்கு. ராஜா வெட்டக் கூடாதுன்னு எங்கயும் இல்லீங்க."

சுசோக்குக்கு முந்தின நாள் காலை போங்சிக் இயந்திரத்தைத் தோளில் மாட்டிக்கொண்டு மலையேறினார். கம்பங்கள் அலறவில்லை, தோவே அணைத்து வைத்திருந்தார். முதலில் சம்வோலின் மேடு, அப்புறம் தன் மேடு. மிசூக்கும் டல்ஹோவும் வெட்டிய புல்லை வாரி வாரி ஓரத்தில் குவித்தார்கள். மிசூக்கின் மாமியார் குடையைப் பிடித்துக்கொண்டு இரண்டு மேட்டையும் மாறி மாறிப் பார்த்தாள். குறை சொல்ல ஒன்றும் அகப்படாமல், "உங்கம்மாவுக்கு என்ன, ராணி மாதிரி இருக்கா" என்றாள்.

வேலை முடிந்தது. போங்சிக் இரண்டு மேட்டுக்கும் நடுவில் இருந்த பள்ளத்தில் உட்கார்ந்து பிளாஸ்க்கைத் திறந்தார். மூன்று பொட்டலம். பாதி குடித்துவிட்டு மீதியைப் புதிதாக வெட்டிய புல்லின் மேல் ஊற்றினார். தடுக்க வாயெடுத்த தோ, தடுப்பது யாரை என்பது நினைவுக்கு வந்து, சும்மா நின்றார்.

போங்சிக் மேட்டை மெல்லத் தட்டிக் கொடுத்தார்.

"ஏய் சம்வோல், கேட்டியா? எனக்கு அரசாங்க வேலை கெடச்சிருச்சு. சேர்ற தேதிய மட்டும் நீ சொல்லு."